வீட்டு உறுதி, அப்பா, ஆவணிக் கலியாணம்: எதை முதல்ல பேசுற?

நீங்க கேட்டதச் சுருக்கிச் சொன்னா இதுதான் புள்ள. ஆவணியில கலியாணம். மாப்புள தம்பிலுவில், டுபாயில வேல. நீங்க களுவாஞ்சிகுடிப் பக்கம், அம்மாட வீட்டில அம்மாவும் நீங்களும் தங்கச்சியும். தங்கச்சி வந்தாறுமூலை கெம்பஸில படிக்கிறா, தம்பி கட்டாரில. அப்பா பத்துப் பன்னிரண்டு வருசத்துக்கு முந்தி விட்டிட்டுப் போய் அம்பாறைப் பக்கம் வேற குடும்பத்தோட இருக்கார். மாப்புள வீட்டாக்கள் கலியாணத்துக்கு முந்தி வீட்ட முழுசா உங்கட பேருக்கு எழுதச் சொல்றாங்க, அம்மா "எழுதித் தாறன் மகள்" எண்டு வாயால சொல்லிற்று ராவில அழுறா, தங்கச்சி ஒண்டும் பேசுறா இல்ல. அப்பாவுக்குச் சொல்லணுமா எண்டு கேட்டா அம்மா "அவர் வந்தா நான் மணவறைப் பக்கம் வரமாட்டன்" எண்டுறா. மாப்புள வைகாசியில லீவில வரக்குள்ள எழுத்த, அதாவது விவாகப் பதிவ, மட்டும் முடிச்சிருவம் எண்டு இன்னொரு கத. இதுக்குள்ள அப்பாட அக்கா, பெரியத்தை, "ரெண்டுபேரும் ஒரு குடி (ஒரே குலம்), இது கூடாத கலியாணம்" எண்டு ஊரெல்லாம் சொல்லித் திரியிறாவாம். தம்பி கலியாண ஹோலுக்குக் கடன் வாங்கப் போறானாம். "எல்லாரையும் சமாளிச்சு ஏலாமப் போச்சு, முதல்ல எதைப் பேசுற?" எண்டு கேட்டிருக்கீங்க.

முதல்ல வீட்டப் பேசுங்க. சாறி, ஹோல், கேக், போட்டோக்காரன் எல்லாம் பொறகு.

நான் மட்டக்களப்பு டவுனில உறுதி (காணி, வீட்டுப் பத்திரம்) எழுதுற ஒரு நொத்தாரிசு ஐயாட்ட கிளாக்கா கனகாலம் இருந்தவள், தை பிறந்து ஆவணி முடியிற வரைக்கும் எங்கட கந்தோருக்கு வாற உறுதியில பாதி கலியாண உறுதிதான். வாசல்ல பொண்ணும் மாப்புளயும் நிண்டு போனப் பாத்து சிரிச்சிட்டு நிப்பாங்க, உள்ளுக்க கதிரையில இருக்கிற தாய் பேனையக் கையில பிடிச்சிட்டு கையொப்பம் வைக்காம மேல ஃபேனப் பாத்திட்டு இருப்பா. ஐயா "வாசிச்சது விளங்கிச்சா அம்மா" எண்டு கேட்டா தலைய ஆட்டுவா. விளங்கியிருக்காது. விளங்கினாலும் கேக்க மாட்டா, ஏனெண்டா சம்மந்தி வெளியில நிக்கிறா. மறுகா ஒரு வருசம் ரெண்டு வருசம் கழிச்சு அதே தாய் தனிய வந்து "ஐயா அந்த உறுதிய மாத்த ஏலுமா" எண்டு கேப்பா. அதால சொல்றன், கலியாண வீட்டில நடக்கிற சண்டை சாறிக்கும் பந்திக்கும் நடக்கிற மாதிரித் தெரியும், அடியில கிடக்கிறது அனேகமா வீட்டு உறுதி. அது ஒழுங்கா முடிஞ்சா மற்றச் சண்டையில சத்தம் பாதியாக் குறைஞ்சிரும்.

உங்கட வீடு அம்மாட பேரில, அம்மம்மா சீதனமாக் குடுத்தது எண்டு எழுதியிருக்கீங்க. எங்கட பக்கத்து வழக்கம் அதுதானே, வீடு பொம்புளப் புள்ளைக்கு, மூத்தவ முடிச்சா தாய்வீடு அவளுக்கு, தாய்தகப்பன் பக்கத்து வளவில கொட்டில் போட்டு மற்றவளுக்கு கட்டத் தொடங்குவாங்க. ஆம்புள வந்து பொண்ணு வீட்டில இருக்கிறவன். அந்தக் காலத்தில தகப்பனும் அண்ணன்மாரும் நெல்லு வித்து ஒவ்வொரு புள்ளைக்கும் ஒவ்வொரு வீடு கட்டினாங்க. உங்கட வீட்டில தகப்பன் இல்ல, தம்பி ஒருத்தன்ட சம்பளம், வீடு ஒண்டு, புள்ளைகள் ரெண்டு. வழக்கத்த மட்டும் பழைய மாதிரி வச்சிட்டு "முழுசா எழுது" எண்டா தங்கச்சி பேசாம இருக்கிறதில என்ன அதிசயம்.

இப்ப ஒரு விசயம் சொல்றன், இத உங்கட வீட்டில ஒருத்தரும் யோசிச்ச மாதிரித் தெரியல்ல. அப்பாவும் அம்மாவும் பிரிஞ்சு இருக்காங்களே ஒழிய டிவோஸ் எடுக்கல்ல. சட்டத்துக்கு அவர் இப்பவும் அம்மாட புருசன். அம்மா ஒரு உறுதியும் எழுதாம, மரணசாசனமும் எழுதாம கண்ண மூடினா (கடவுளே அப்படி வேணாம், ஆனா சட்டத்துக்கு அது தெரியாது) அவட சொத்தில பாதி புருசனுக்கு, மற்றப் பாதிதான் உங்க மூண்டு புள்ளைகளுக்கும் சமமா. விட்டிட்டுப் போனவர், வேற குடும்பம் வச்சிருக்கிறவர் எண்டெல்லாம் சட்டம் கழிக்காது. அம்பாறையில இருந்து அவர் வராட்டியும் அவருக்குப் பொறகு அவர்ட பங்குக்கு உரித்தான ஆக்கள் எண்டு யாரும் வரலாம். "தேசவழமைப்படி வேற மாதிரி வரும்" எண்டு யாராவது சொன்னா கேக்காதீங்க, தேசவழமை யாழ்ப்பாணத்து, வட மாகாணத்துத் தமிழாக்களுக்கு, மட்டக்களப்புக்கும் அம்பாறைக்கும் அது இல்ல. எங்களுக்கு பொதுச் சட்டம்தான். முந்தி இஞ்ச முக்குவர் வழமை எண்டு தாய்வழியா சொத்துப் போற முறை இருந்தது, இப்ப அதக் கொண்டு கோர்ட்டுக்குப் போனா நிக்காது.

அப்ப அம்மா உசிரோட, நல்ல புத்தியோட இருக்கக்குள்ளயே எழுதுறது நல்லதுதான். மாப்புள வீட்டாக்கள் கேட்டதுக்காக இல்ல, உங்க மூண்டு பேருக்காகவும். என்னெண்டு எழுதுற எண்டதிலதான் எல்லாம் இருக்கு.

அம்மா எழுதக்குள்ள சீவிய உரித்த தனக்கு வச்சிட்டு எழுதணும். அப்படியெண்டா வீடு உங்கட பேருக்கு வரும், ஆனா அம்மா சாகும்வரைக்கும் அதில இருக்கிற உரிமை அவட்ட. ஒருத்தரும் எழும்பச் சொல்ல ஏலாது, வாடகைக்குக் குடுத்தா வாடகையும் அவக்குத்தான். நீங்க விக்கப் போனாலும் பேங்கில ஈடு வைக்கப் போனாலும் அம்மாவும் வந்து கையொப்பம் வைக்க வேண்டி வரும், அவ இல்லாம வாங்குறவனும் பேங்க்காரனும் யோசிப்பான். மாப்புள வீட்டாக்களுக்கு இது பிடிக்காமப் போகலாம், "எங்களில நம்பிக்கை இல்லையா" எண்டு ஒரு மாமி கேப்பா. நம்பிக்கை இல்லாமலா மகளயே குடுக்கம் எண்டு உங்கட தாய்மாமாவ விட்டுச் சொல்லச் சொல்லுங்க, அந்த வசனம் ஆம்புள வாயில வந்தா அங்க எடுபடும், அநியாயம்தான், ஆனா அப்படித்தான் இருக்கு.

தங்கச்சிட விசயம். வளவு எவ்வளவு எண்டு நீங்க எழுதல்ல. பின்னுக்கு ஒரு வீடு கட்ட இடம் இருந்தா காணி அளக்கிற சேவையரக் கூப்பிட்டு ரெண்டாப் பிரிச்சு பிளான் அடிச்சு, முன்பகுதி வீட்டோட உங்களுக்கு, பின்பகுதி பாதையோட தங்கச்சிக்கு, ரெண்டு உறுதியும் ஒரே நாள், ஒரே கந்தோரில. பாதைய மறக்காதீங்க, பாதை எழுதாத பின்வளவால அக்கா தங்கச்சி பேச்சுவார்த்தை இல்லாமப் போன குடும்பம் நான் கணக்கில்லாமப் பாத்திருக்கன், கேற்றப் பூட்டிற்று திறப்ப ஒளிச்சு வைக்கிற அளவுக்குப் போகும். பிரிக்கிறதுக்கு பிரதேச சபை அனுமதி வேணும், சின்னத் துண்டா வெட்ட விடமாட்டாங்க, அத முதல்ல விசாரிங்க. இடம் காணாட்டி ரெண்டு பேருக்கும் அரைவாசி அரைவாசியா பிரிக்காத பங்கா எழுதலாம், ஆனா எனக்கு அதில விருப்பமில்ல. ஒரு அடுப்படிக்கு ரெண்டு உரித்துக்காரர், நாளைக்கு ரெண்டு மருமகன், பொறகு பங்குபிரிப்பு வழக்கு எண்டு மாவட்ட நீதிமன்றத்துக்கு ஏறி இறங்கி அந்த வழக்கு முடியிறதுக்குள்ள வீடு இடிஞ்சு விழுந்திரும். அதவிட வீடு உங்களுக்கு, தங்கச்சிக்கு வேற காணியோ காசோ நகையோ எண்டு தெளிவா முடிவெடுத்து அதயும் அப்பவே குடுத்திரலாம்.

ஒண்டு மட்டும் செய்யக் கூடாது. "இப்ப அக்காக்கு எழுதுவம், தங்கச்சிக்கு மறுகா தம்பி கட்டிக் குடுப்பான்" எண்டு வாயால சொல்லி விடுறது. காணி விசயத்தில வாய்ப்பேச்சு சட்டத்துக்கு முன்னால ஒண்டுமில்ல, 1840ம் ஆண்டுச் சட்டத்தில இருந்தே நொத்தாரிசு முன்னால ரெண்டு சாட்சியோட எழுதினாத்தான் செல்லும். தம்பி நல்லவன்தான். அவனும் நாளைக்கு ஒரு வீட்டுக்கு மருமகனாப் போவான், அங்கயும் ஒரு வீடு கட்டி முடிக்க வேண்டி இருக்கும்.

எழுதினதத் திருப்ப ஏலுமா எண்டு அம்மா கட்டாயம் கேப்பா. மீட்க முடியாத நன்கொடை எண்டு எழுதினா லேசில ஏலாது. வாங்கின புள்ள தாய அடிச்சு, துரத்தி, கொடுமையா நன்றிகெட்டு நடந்தா அந்தக் காரணத்துக்காக ரத்து செய்யலாம் எண்டு 2017ல சட்டமும் வந்திருக்கு, ஆனா மாவட்ட நீதிமன்றத்தில வழக்குப் போட்டு நிரூபிக்கணும், நொத்தாரிசிட்ட வந்து ஒரு பேப்பரில மாத்துற விசயமில்ல. அதால எழுதுறதுக்கு முந்தி வரைவ வீட்டுக்குக் கொண்டு வந்து ரெண்டு மூண்டு நாள் வச்சிருந்து வாசியுங்க. அம்மாவத் தனிய கூட்டிப் போங்க, சம்மந்தி இல்லாம. அம்மா எழுதக்குள்ள அப்பாட கையொப்பம் தேவையில்ல, பயப்படாதீங்க. கலியாணம் கட்டின பொம்புளைட சொத்து அவட சொந்தச் சொத்து, புருசனக் கேக்காம அவ எழுதலாம் எண்டு 1923லயே சட்டம் வந்திற்று.

அதே சட்டம் உங்களுக்கும் பொருந்தும். உங்கட பேருக்கு வாற வீடு உங்கட வீடு, தாலி கட்டினதால அவர்ர ஆகாது. நாளைக்கு "ரெண்டு பேர்ட பேரிலயும் எழுதினா நல்லம்" எண்டு ஒரு பேச்சு மெதுவா வரும், பெரும்பாலும் தாலிக்குப் பொன்னுருக்கிற சடங்குக்குக் கிட்ட வரும். அதுக்கு மட்டும் வளையாதீங்க. எங்கட பக்கத்துச் சீதனத்தில இருக்கிற ஒரே நல்ல விசயம் வீடு பொண்ணுட பேரில இருக்கிறது, புருசன் குடிச்சாலும் போனாலும் செத்தாலும் அவளுக்கு தலைக்கு மேல கூரை இருக்கும், உங்கட அம்மா இவ்வளவு வருசமும் தெருவில நிக்காம இருந்தது அதாலதான். சுனாமிக்குப் பொறகு வீட்டுத்திட்டத்தில சில இடங்களில குடும்பத் தலைவர் எண்டு ஆம்புளைட பேரில குடுத்திட்டாங்க, பொண்ணுட சீதனக் காணிக்குப் பதிலாக் குடுத்த வீடும் அப்படிப் போயிற்று, அது வேற வயித்தெரிச்சல். கையில டொனேஷன் எண்டு காசா கேக்கிறது வேற வகை, அது அவங்கட கைக்குப் போற காசு, அதில எனக்கு ஒரு மரியாதையும் இல்ல. இந்தியாவில 1961ல இருந்து வரதட்சணைக்குத் தடைச் சட்டம் இருக்கு, எங்கட நாட்டில அப்படியொண்டும் இல்ல, அதால கேக்கிறவன் கூச்சமில்லாமக் கேப்பான், நீங்கதான் இல்ல எண்டு சொல்லணும்.

இத மாப்புளைட்ட யார் சொல்றது? நீங்கதான். புரோக்கர் இல்ல, மாமா இல்ல, முதல்ல நீங்க அவர்ட்டச் சொல்லணும், பொறகு அவர் அவங்கட அம்மாட்டச் சொல்லணும், அதுக்குப் பொறகுதான் பெரியாக்கள் கூடிப் பேசுறது. வட்ஸப்பில வொய்ஸ் அனுப்பாதீங்க, அது அப்படியே தம்பிலுவில்ல நாலு வீட்டுக்குப் போகும். கோல் எடுத்து, "அம்மா வீட்ட என்ட பேருக்கு எழுதுறா, ஆனா அவ சாகும்வரைக்கும் அவட உரித்து இருக்கும், பின்வளவு தங்கச்சிக்கு, ரெண்டும் ஒரே நாள் எழுதுறம், இது நாங்க வீட்டில எடுத்த முடிவு, உங்கட அம்மாக்கு நீங்க சொல்லுங்க" எண்டு சொல்லிற்று நிப்பாட்டுங்க. "உங்களுக்கு ஓகேயா, கோவமா" எண்டு கேட்டு இழுக்காதீங்க. அவர் என்ன சொல்றார் எண்டதில உங்களுக்கே கன விசயம் விளங்கும். "அம்மாட்டக் கேட்டுச் சொல்றன்" எண்டு சொன்னா பரவாயில்ல, பயந்த பொடியன். "அப்ப கலியாணம் யோசிக்க வேண்டி வரும்" எண்டு அவரே சொன்னா புள்ள, ஆவணிக்கு முந்தி தெரிஞ்சது நல்லம்.

தங்கச்சிட்ட இதுக்கெல்லாம் முந்தி பேசிருக்கணும். அவ கெம்பஸால வாற சனி ஞாயிறில, அம்மா இல்லாத நேரம் பாத்து, "உனக்கு என்ன வேணும்" எண்டு நேராக் கேளுங்க. "எனக்கொண்டும் வேணாம் அக்கா" எண்டுதான் முதல்ல சொல்லுவா. அந்தப் பதில எடுக்காதீங்க. பிளான் பேப்பர விரிச்சு வச்சு "இதில உன்ட இடம் எது, நீயே காட்டு" எண்டு கேளுங்க, விரல வைக்கக்குள்ள வாய் தானாத் திறக்கும்.

சரி, அப்பா.

இதில சட்டம் சுருக்கம். உங்களுக்கு 18க்கு மேல, எழுத்துக்கு அவர்ட சம்மதமோ கையொப்பமோ தேவையில்ல. விவாகப் பதிவில தகப்பன்ட பேர் எழுதுவாங்க, அவ்வளவுதான், பேருக்கு ஆள் வரத் தேவையில்ல. தாரை வார்க்கிறதுக்கு தகப்பன்தான் இருக்கணும் எண்டு ஐயர்மார் யாரும் பிடிவாதம் பிடிக்கிறதில்ல, தாய்மாமனும் மாமியும் சோடியா இருந்து செய்யிறது எங்கட பக்கம் எப்பவும் நடக்கிறது, தாய்மாமனுக்கு இஞ்ச இருக்கிற இடம் தகப்பனுக்குக் குறைஞ்சதில்ல. அதால ஐயரிட்ட முன்கூட்டியே போய் "மாமாவும் மாமியும் செய்வாங்க, அம்மா பக்கத்தில நிப்பா" எண்டு சொல்லிருங்க, மணவறையில வச்சு "தகப்பன் எங்க" எண்டு மைக்கில கேக்காம இருக்கட்டும்.

சட்டமும் சடங்கும் முடிஞ்சா மிஞ்சிறது மனசு. நான் என்ட கருத்தச் சொல்றன், ஏற்கிறதும் விடுறதும் உங்கட இஷ்டம். மணவறையில உங்கட பக்கத்தில யார் நிக்கிற எண்டு முடிவெடுக்கிற உரிமை அம்மாக்கு. பள்ளிக்கூடக் காசு கட்டினது, காய்ச்சலுக்கு ராவில ஆட்டோ பிடிச்சு ஆஸ்பத்திரிக்கு ஓடினது, ஊர்ப் பொம்புளைகள் "புருசன் எங்க இப்ப" எண்டு சும்மா கேக்கிற மாதிரிக் கேட்டதுக்கெல்லாம் பதில் சொன்னது அவ. அவ "வரமாட்டன்" எண்டு சொல்றத பிடிவாதம் எண்டு எடுக்காதீங்க, அந்த ஊர்ச் சனத்துக்கு முன்னால அவர்ட பக்கத்தில சோடியா நிண்டா இவ்வளவு வருசமும் நடந்தது ஒண்டும் நடக்காத மாதிரி ஆகிரும் எண்டுதான் அவ பயப்படுறா. ஆனா அப்பாவுக்குச் சொல்றதா இல்லையா எண்டது உங்கட முடிவு, அம்மாட இல்ல. அவர் அம்மாட புருசனா இருந்தது ஒரு கத, உங்கட தகப்பன் எண்டது வேற கத. உங்களுக்குச் சொல்லணும் போல இருக்கு, நீங்க எழுதின எழுத்திலயே அது தெரியுது, அப்படியெண்டா சொல்லுங்க. சொல்லப் போறன் எண்டு அம்மாட்ட முதல்ல சொல்லிற்றுச் சொல்லுங்க, ஒளிச்சுச் செய்தா அவக்கு அதுதான் வலிக்கும்.

கார்ட் தபாலில அனுப்பாதீங்க, பெரியத்தைட கையில குடுத்தும் விடாதீங்க. தம்பி இல்லாட்டி மாமாவக் கூட்டிட்டு நேர போங்க, அவர்ட இப்பத்தய வீட்டுக்குப் போகப் பிடிக்காட்டி கல்முனையில எங்கயாவது ஒரு கடையில சந்திக்கலாம். வெத்திலையோட போகணும் எண்டில்ல. "அப்பா, எனக்கு ஆவணியில கலியாணம், உங்களுக்கு நானே சொல்லணும் எண்டு வந்தன், தாரை மாமாவும் மாமியும் வார்க்கிறாங்க, நீங்க ஹோலுக்கு வாறதெண்டா வந்து இருந்து சாப்பிட்டு எங்கள ஆசீர்வதிச்சிற்றுப் போங்க, மணவறைக்கு ஏற வேணாம், அம்மாக்கு அது ஏலாது." இவ்வளவுதான். அழுவார், கோவிப்பார், "நான் வரல்ல" எண்டுவார், "கேட்டியா உன்ட அம்மா" எண்டு தொடங்குவார். தொடங்கினா எழும்புங்க. அந்த மேசையில பழைய கணக்குப் பாக்கப் போனா அவருக்கு அத வச்சு உங்களோட சண்டை பிடிக்க ஒரு சாட்டு கிடைக்கும், கலியாணத்துக்கு வராம இருக்கவும் அதே சாட்டு. அவர் ஹோலுக்கு வாறது அம்மாக்கு அதுவும் தாங்காது எண்டா எழுத்து நாளுக்கு அவர வரச் சொல்லலாம், சின்னக் கூட்டம், ஒரு மணித்தியாலம். அல்லது கலியாணம் முடிஞ்சு நீங்களும் மாப்புளயும் போய் காலில விழுந்திட்டு வரலாம். கார்ட்டில "திருமதி இன்னாரின் மகள்" எண்டு அம்மாட பேர மட்டும் போடலாம், அதுக்கு ஊர் கதைக்கும், ரெண்டு நாள் கதைக்கும், பொறகு அடுத்த வீட்டுக் கார்ட்டப் பாக்கப் போயிரும்.

எழுத்துக்கு வருவம். வைகாசியில எழுத்து, ஆவணியில தாலி எண்டு இப்ப வெளிநாட்டு மாப்புளயள் எல்லாரும் கேக்கிறாங்க, விசாவுக்கு சேட்டிபிக்கட் வேணும் எண்டு. தப்பில்ல. ஆனா எழுத்து எண்டா நிச்சயதார்த்தம் இல்ல புள்ள, அதுதான் கலியாணம். கையொப்பம் வச்ச அந்த நேரத்தில இருந்து நீங்க அவர்ட மனைவி. ஆவணிக்கு முந்தி ஏதாவது குழம்பினா "எழுத்த வெட்டிருவம்" எண்டு லேசாச் சொல்லுவாங்க. வெட்ட ஏலாது, மாவட்ட நீதிமன்றத்தில டிவோஸ் எடுக்கணும், எங்கட சட்டத்தில டிவோஸுக்குக் காரணம் மூண்டுதான்: கலியாணத்துக்குப் பொறகு வேற ஆளோட தொடர்பு, வேணுமெண்டே கைவிட்டுப் போறது, கலியாணம் நடக்கக்குள்ளயே இருந்த தீராத ஆண்மைக் குறைவு மாதிரியான விசயம். மனசு ஒத்துவரல்ல எண்டது காரணமில்ல. தீர்ப்பு வந்தாலும் அது முடிவாக இன்னும் மூண்டு மாசம். ஒரு நாள் சேந்து வாழாத புள்ளைகள் வருசக்கணக்கா கோர்ட்டுக்கு அலைஞ்சத நான் பாத்திருக்கன். அதால வீட்டுக் கதை முடியாம எழுத்துக்குப் போகாதீங்க. உறுதி வரைவு ரெண்டு பக்கமும் வாசிச்சு சரி எண்டு சொன்னதுக்குப் பொறகு எழுத்து. லீவு கிட்டடியா இருந்தா நாளப் பாத்துக் கொள்ளுங்க, விவாக அறிவித்தல் பதிஞ்சு 12 நாள் கழிஞ்சுதான் சாதாரண வழியில எழுதலாம், மூண்டு மாசத்துக்குள்ள எழுதாட்டி திரும்ப அறிவித்தல் குடுக்கணும். அவ்வளவு நாள் இல்லாட்டி விசேட அனுமதி எடுக்கலாம், வீட்டில வச்சு எழுதுறதெண்டாலும் பதிவுகாரரிட்ட முன்னுக்கே கேளுங்க. சாதாரணமா காலமை 6 மணிக்கும் பின்னேரம் 6 மணிக்கும் இடையிலதான் எழுத்து நடக்கும், அதால சுபநேரம் இரவு ஏழரைக்கு எண்டு சாத்திரி சொன்னா அத தாலிக்கு வச்சிக்கிட்டு எழுத்துக்கு பகல்ல ஒரு நேரம் எடுங்க.

பெரியத்தைட குடிக் கதை. இதுக்கு நீங்க பயந்ததுதான் எனக்குச் சிரிப்பு. குடி தாய்வழி, வயித்துவார் வழியா வாறது. உங்கட குடி அம்மாட குடி, மாப்புளைட குடி அவங்கட அம்மாட குடி. இந்த ரெண்டும் ஒண்டெண்டாத்தான் அண்ணன் தங்கச்சி முறை, கூடாது. பெரியத்தை சொல்றது அவட குடி, அதாவது உங்கட அப்பாட குடி. மாப்புள அப்பாட குடி எண்டா அது பழைய ஆக்கள் கணக்கில மச்சான் முறை, தேடிக் கட்டுற முறை! கோயிலில குடிமுறை தெரிஞ்ச ஒரு வயசான ஆள வச்சு அவட முகத்துக்கு முன்னால இத ஒருக்காச் சொல்ல விடுங்க, முடிஞ்சுது. அவக்கு உண்மையான கோவம் தம்பிக்கு, அதாவது உங்கட அப்பாக்கு, மரியாத இல்லாமப் போகுதே எண்டது. நீங்க அப்பாவ நேர போய்ப் பாத்து வந்தா அவட வாயும் கொஞ்சம் அடங்கும்.

ஹோல் கடன். தம்பிட்ட "கடன் வாங்காத" எண்டு சொன்னா கேக்க மாட்டான், அக்காட கலியாணம் எண்டு ரோசம் வரும். "இவ்வளவுதான் செலவு, அதுக்கு மேல ஒரு ரூபாயும் வேணாம், மிச்சம் இருந்தா தங்கச்சிட வளவில அத்திவாரம் போடு" எண்டு தொகை சொல்லிச் சொல்லுங்க. ஆவணியில சிறுபோக வெட்டு நடக்கும், வயல்காரச் சொந்தங்களிட்ட அப்ப கையில காசு புழங்கும், என்வலப்பும் கொஞ்சம் பரவாயில்லாம வரும், ஆனா வாற என்வலப்ப நம்பி கடன் எடுக்கிறது விசர் வேல. வளவில பந்தல் போட்டுச் செய்யலாம், கலியாணம் பொண்ணு வீட்டில நடக்கிறதுதானே எங்கட முறை, மழையும் ஆவணியில குறைவு. ஹோல்தான் வேணும் எண்டு மாப்புள வீட்டாக்கள் பிடிச்சா ஹோல் வாடகையில பாதி அவங்கட. கேட்டுப் பாருங்க, கேக்காததாலதான் கன பேர் குடுக்கிறதில்ல. மண்டூர்த் திருவிழா நாளும் ஆவணியில வரும், நாள் வைக்கக்குள்ள பாத்துக் கொள்ளுங்க, அந்தப் பக்கத்துச் சனம் பாதி கோயிலில நிக்கும்.

இனி வேலைய ஆரம்பிக்கிற விதம். அம்மாட மூல உறுதி கையில இருக்கா எண்டு பாருங்க, யுத்தத்திலயோ சுனாமியிலயோ துலைஞ்சிருந்தா காணிப் பதிவகத்தில உறுதிப்படுத்தின பிரதி எடுக்கலாம், உறுதி நம்பரும் எழுதின நொத்தாரிசுட பேரும் தெரிஞ்சா கெதியா எடுத்திரலாம். அதோட காணியில ஈடு, வழக்கு ஏதும் பதிஞ்சிருக்கா எண்டு தேடிப் பாக்கச் சொல்லுங்க. மாப்புள பக்கம் "எங்கட வயல் அஞ்சு ஏக்கர் இவர்ட பேருக்கு வரும்" எண்டு சொல்லியிருந்தா அது உறுதிக் காணியா, அரசாங்கம் அனுமதிப் பத்திரத்தில குடுத்த பேர்மிட் காணியா எண்டு கேளுங்க, அம்பாறை மாவட்டத்தில குடியேற்றத் திட்டத்து வயல் நிறைய பேர்மிட், அத பிரதேச செயலாளர்ட அனுமதி இல்லாம மாத்தி எழுதினா செல்லாது, பின்னுரித்தாளரா யார்ட பேர் பதிஞ்சிருக்கு எண்டதையும் பிரதேச செயலகக் காணிக் கிளையில கேட்டாத் தெரியும். உறுதி, பழைய பிளான், அம்மாட ஐடி, உங்கட ஐடி, தங்கச்சிட ஐடி, சபை வரிக் கட்டின ரசீது எல்லாத்தையும் ஒரு ஃபைலில போடுங்க. தங்கச்சியையும் கூட்டிப் போங்க, நன்கொடைய வாங்கிறவ ஏத்துக்கிட்டன் எண்டு கையொப்பம் வைக்கணும். கட்டணமும் முத்திரை வரியும் எவ்வளவு எண்டு முதல்லயே கேட்டு எழுதி வாங்குங்க, ரெண்டு உறுதிக்கும் சேத்துப் பேசினா ஐயாமார் கொஞ்சம் குறைப்பாங்க. காலமையில போகாதீங்க, கோர்ட்டுக்குப் போயிருவாங்க, பின்னேரம் மூண்டு மணிக்குப் பொறகு போனா இருந்து பேசலாம்.